மாம்பழச் சல்சாவின் வரலாறு

மாம்பழச் சல்சா என்பது பொடியாக நறுக்கிய மாம்பழம், வெங்காயம், பச்சை மிளகாய், கொத்தமல்லித் தழை ஆகியவற்றுடன் எலுமிச்சைச் சாறும் உப்பும் சேர்த்துச் செய்யப்படும், அடுப்பில் ஏற்றாத தொடுகறி ஆகும். விருந்துகளில் மக்காச்சோள வறுவலுடன் பரிமாறப்படுகிறது. இதை மெக்சிக்கோவின் அசுட்டெக் மக்களுடைய தொன்மையான உணவு எனக் கூறுவதுண்டு. அது சரியன்று.

அசுட்டெக் மக்கள் மிளகாயையும் தக்காளியையும் மூன்று கால்களுடைய கல் உரலில் அரைத்துத் தொடுகறி செய்தது உண்மையே. 16-ஆம் நூற்றாண்டில் அங்கு வாழ்ந்த எசுப்பானியத் துறவி பெர்னார்டினோ தெ சாகுன், சந்தையில் அவற்றை விற்றவர்களைப் பற்றி எழுதியுள்ளார். ஆனால் 'சல்சா' என்பது எசுப்பானியப் பெயர். 'உப்பிட்டது' என்னும் பொருளுடைய இலத்தீன் சொல்லிலிருந்து வந்தது. (பெயரில் உப்பு இருந்தாலும் பரிமாறும்போதுதான் உப்பிட வேண்டும்; முன்பே இட்டால் பழம் நீர்விட்டுக் குழைந்துவிடும்.) வெங்காயம், கொத்தமல்லி, எலுமிச்சை மூன்றும் எசுப்பானியர் கொண்டுசென்றவை.

மாம்பழமோ ஆசியாவுக்குரியது. 1565 முதல் 1815 வரை பிலிப்பைன்சின் மணிலாவுக்கும் மெக்சிக்கோவின் அக்காபுல்கோவுக்கும் இடையே எசுப்பானிய வணிகக் கப்பல்கள் ஓடின. அவ்வழியே சென்ற மாம்பழ வகை இன்றும் மெக்சிக்கோவில் 'மணிலா' என்றே அழைக்கப்படுகிறது. 'மாங்கோ' என்ற சொல்லும் தென்னிந்திய 'மாங்காய்' போர்த்துக்கீசர் வாயிலாகத் திரிந்ததே.

அதே போர்த்துக்கீசர்தாம் அமெரிக்க மிளகாயை இந்தியாவுக்குக் கொண்டுவந்தனர். அதுவரை நம் சமையலின் காரம் பெரும்பாலும் மிளகுதான். புதிதாக வந்த காய்க்கும் அந்தப் பெயரையே ஒட்டி 'மிளகாய்' என்றனர். நறுக்கிய மாங்காயில் மிளகாய்த்தூள் தூவி உண்ணும் வழக்கம் அதற்குப் பின்னரே தோன்றியிருக்க முடியும்.