வகைக்கெழுச் சமன்பாடுகளின் எண்ணியல் தீர்வு

வெப்பப் பரவல், காற்றோட்டம், கோள்களின் இயக்கம், அணைச் சுவரில் உண்டாகும் தகைவு முதலியவற்றை விவரிக்கும் வகைக்கெழுச் சமன்பாடுகளில் பெரும்பாலானவற்றுக்குச் சூத்திர வடிவில் விடை கிடைப்பதில்லை. காலத்தையும் இடத்தையும் சிறு படிகளாகப் பிரித்து, வெறும் கூட்டல் பெருக்கலால் தோராய விடையை நோக்கி நகரும் முறைகள் எண்ணியல் முறைகள் எனப்படும்.

தொடக்கம். இவற்றுள் எளியதை ஆய்லர் 1768இல் வெளியிட்டார். அதற்கு முன்பே கிளேரோ, லாலாந்து, நிக்கோல்-ரேன் லெபோத் ஆகியோர் மாதக்கணக்கில் கையால் கணக்கிட்டு, ஹாலி வால்மீன் 1759 ஏப்ரல் நடுவில் சூரியனை நெருங்கும் என்று அறிவித்திருந்தனர். அது மார்ச் 13 அன்றே நெருங்கியது. லெபோத்தின் உழைப்பை லாலாந்து பின்னாளில் எழுதிவைத்தார். ஆடம்ஸ்–பாஷ்ஃபோர்த் முறை 1883இல் அச்சேறியது. ருங்கே (1895), ஹாயின் (1900), குட்டா (1901) ஆகியோரின் முறைகள் இன்றும் பாடநூல்களில் உள்ளன.

ரிச்சர்ட்சன். பகுதி வகைக்கெழுச் சமன்பாடுகளை முடிவுறு வேறுபாடுகளால் தீர்ப்பதை விரிவாகச் செய்துகாட்டியவர் ஆங்கிலேயரான லூயிஸ் ஃப்ரை ரிச்சர்ட்சன். கல் அணையின் தகைவு பற்றிய அவரது 1910ஆம் ஆண்டுக் கட்டுரையில் கூலிக்கணக்கும் இடம்பெறுகிறது. மூன்றிலக்க எண்களானால் ஒரு புள்ளிக்குக் கூலி ஏறத்தாழ ஆறில் ஒரு பென்னி. வேகமான சிறுவன் ஒருவன் வாரத்துக்குச் சராசரியாக 2,000 கணக்குகள் போட்டான். தவறானவை அதில் சேரா. கூட்டல் கழித்தல் குறிகளில்தான் சிறுவர்கள் சறுக்குவார்கள் என்றும் அவர் எச்சரிக்கிறார்.

குவேக்கரான ரிச்சர்ட்சன் முதல் உலகப் போரில் ஆயுதம் ஏந்த மறுத்து, பிரான்சில் ஆம்புலன்ஸ் பணியில் சேர்ந்தார். ஓய்வு வேளையில் 1910 மே 20ஆம் நாளின் வானிலையைக் கணக்கிட்டார். ஹாலி வால்மீன் மீண்டும் வந்து பூமியை நெருங்கியிருந்த நாள் அது. இக்கணக்கு அடங்கிய நூலின் கையெழுத்துப்படி 1917இல் போர்க்களக் குழப்பத்தில் தொலைந்து, சில மாதங்களுக்குப்பின் பெல்ஜியத்தில் நிலக்கரிக் குவியலுக்கு அடியில் அகப்பட்டது. 1922இல் வெளியான அந்நூலின்படி, ஆறு மணி நேரத்தில் காற்றழுத்தம் 145 மில்லிபார் உயர்ந்திருக்க வேண்டும். உண்மையில் அது ஏறக்குறைய அசையவேயில்லை. பொருந்தாத அந்த விடையை அவர் மறைக்காமல் அச்சிட்டார். கணக்குக்கு ஆனதாக அவர் கூறும் ஆறு வாரம் தொடர்ச்சியானதா, சிதறிய ஓய்வுநேரங்களின் கூட்டுத்தொகையா என்பதில் கருத்து வேறுபாடு உண்டு.

பிழையின் காரணமும் விவாதத்துக்கு உரியதே. காலப்படி மிக நீளமானால் பிழை பெருகி விடையை விழுங்கிவிடும் என்று கூரான், ஃப்ரீட்ரிக்ஸ், லெவி 1928இல் நிறுவினர். பலர் இதையே காரணமாகக் காட்டினர். ஆனால் ரிச்சர்ட்சன் எடுத்துவைத்தது ஒரே ஒரு காலப்படி. தொடக்கத் தரவில் காற்றும் அழுத்தமும் ஒன்றோடொன்று இசையவில்லை என்பது மற்றொரு விளக்கம். அத்தரவைச் சீராக்கிப் பீட்டர் லிஞ்ச் மறுபடி கணக்கிட்டபோது நம்பத்தகுந்த விடை வந்ததால், இவ்விளக்கமே வலுவானதாகக் கருதப்படுகிறது.

கணினிக் காலம். சார்னி, ஃபியோர்டாஃப்ட், ஃபான் நாய்மன் ஆகியோர் 1950இல் எனியாக் கணினியில் ஒருநாள் வானிலையைக் கணக்கிட ஏறத்தாழ ஒரு நாளே ஆயிற்று. வெப்பச் சமன்பாட்டுக்கான கிராங்க்–நிக்கல்சன் முறை 1947இல் வந்தது. பொருளைச் சிறு துண்டுகளாகப் பிரித்துக் கணக்கிடும் முடிவுறு உறுப்பு முறையின் தோற்றுவாய் கூரானின் 1943ஆம் ஆண்டுக் கட்டுரையா, 1950களின் விமானக் கட்டமைப்பு ஆய்வுகளா என்பது எதை முதன்மையாகக் கொள்கிறோம் என்பதைப் பொறுத்தது. அப்பெயரைச் சூட்டியவர் கிளஃப் (1960).

அண்மைக்காலம். இயற்பியல் விதிகளைப் பயிற்சியிலேயே புகுத்தும் நரம்பியல் வலையமைப்புகள் 2019 முதல் பரவலாகப் பேசப்படுகின்றன.