பொதிகை மலையின் செருப்புப்பூ: ஒரு தரை ஆர்க்கிட்டின் கதை



சிதம்பரத்துக்காரர்கள் யாரைக் கேட்டாலும் ஊரின் பழைய பெயர் தில்லை என்று சொல்லிவிடுவார்கள். தில்லை என்பது ஒரு மரத்தின் பெயர் என்பதும் பலருக்குத் தெரியும். "சரி, அந்த மரத்தைப் பார்த்திருக்கிறாயா?" என்று கேட்டுப் பாருங்கள், பாதிப் பேர் முழிப்பார்கள். நானும் ரொம்ப நாள் அந்தக் கட்சிதான். ஊரைச் சுற்றி இருந்த தில்லைக் காடு இன்று இல்லை. பிச்சாவரத்தில் படகில் போனபோதுதான் படகுக்கார அண்ணன், "அதோ தில்லை. பால் கண்ணுல பட்டா பார்வை போயிடும், கையை வச்சிடாத தம்பி" என்று காட்டினார். பெயர் ஊரில் இருக்கிறது, மரம் உப்பங்கழியில் இருக்கிறது.

பெயர் மட்டும் புத்தகத்தில் தங்கி, செடி காணாமல் போன கதை வேறு ஏதாவது உண்டா என்று தேடியபோது கிடைத்ததுதான் இன்றைய கட்டுரை. இடம், நம் அகத்தியரின் பொதிகை மலை. செடி, தரையில் வளரும் ஒரு ஆர்க்கிட்.

செடி எப்படி இருக்கும்?

ஆர்க்கிட் என்றதும் மரக்கிளையைப் பிடித்துக்கொண்டு வேர் தொங்க நிற்கும் செடிதான் நினைவுக்கு வரும். ஆனால் மண்ணில் வேர்விட்டு வளரும் தரை ஆர்க்கிட்டுகளும் நிறைய உண்டு. அவற்றில் ஒரு கூட்டத்துக்கு ஆங்கிலத்தில் 'லேடீஸ் ஸ்லிப்பர்' என்று பெயர். பூவின் கீழ் இதழ் ஒரு பை போலக் குழிந்து, சின்னஞ்சிறு செருப்பின் முன்பகுதி மாதிரி இருக்கும். நம் பேச்சில் செருப்புப்பூ என்று வைத்துக்கொள்வோமே.

இந்தியாவின் பாஃபியோபெடிலம் வகைச் செருப்புப்பூ இனங்கள் எல்லாம் வடகிழக்கு மலைகளில்தான் இருக்கின்றன, ஒன்றே ஒன்றைத் தவிர. அந்த ஒன்றுதான் 'பாஃபியோபெடிலம் ட்ரூரியை'. கேரள, தமிழக எல்லையிலுள்ள அகத்தியமலைப் பகுதியைத் தவிர உலகில் வேறு எங்கும் இது இயற்கையாக வளர்வதில்லை. சுமார் 1400, 1500 மீட்டர் உயரத்தில் பாறையும் புல்லும் கலந்த சரிவுகள்தான் இதன் வீடு. இதன் சொந்தக்காரச் செடிகள் பலவும் நிழலைத் தேடும், இது நல்ல வெளிச்சத்தில் நிற்கும். மண்ணுக்கடியில் கிழங்குத்தண்டு ஊர்ந்துபோய், கொஞ்சம் தள்ளித் தள்ளிப் புதிய முளை விடும். இலையில் புள்ளி, கோலம் எதுவும் கிடையாது, வெறும் பச்சை. ஒரு தண்டுக்கு ஒரு பூ. பச்சை கலந்த மஞ்சள் நிறம். மேல் இதழிலும் பக்கத்து இரண்டு இதழ்களிலும் நடுவில் கருஞ்சிவப்பாக ஒரு பட்டைக்கோடு. அந்தக் கோடுதான் இதன் அழகு. வினையும் அதனால்தான் வந்தது.

1865: ட்ரூரி

ஹீபர் ட்ரூரி சென்னை ராணுவத்தில் அதிகாரி. செடிகள் மேல் தனி ஆர்வம் உள்ளவர். இந்தியாவின் பயனுள்ள தாவரங்களைப் பற்றி 1858லேயே புத்தகம் போட்டவர். 1865ல் திருவிதாங்கூர் மலைகளில் இந்த ஆர்க்கிட்டைக் கண்டெடுத்தார். 1874ல் ரிச்சர்ட் ஹென்றி பெட்டோம் இதை முறையாக விவரித்து, ட்ரூரியின் பெயரையே சூட்டினார். பெட்டோமும் ராணுவத்திலிருந்து வந்தவர்தான், சென்னை மாகாண வனத்துறையின் தலைமைப் பொறுப்பில் இருந்தவர். அந்த மலையில் காலங்காலமாக வாழ்ந்து வந்த காணிக்காரர்கள் அதற்கு முன்பே இதைப் பார்த்திருப்பார்கள் என்பதையும் மறந்துவிடக் கூடாது. புத்தகத்தில் ஏறியது என்னவோ ட்ரூரியின் பெயர்தான்.

அந்த நேரம் இங்கிலாந்தில் ஆர்க்கிட் பைத்தியம் உச்சத்தில் இருந்தது. பணக்காரர்கள் கண்ணாடி வீடு கட்டி ஆர்க்கிட் வளர்த்தார்கள். லண்டனில் ஏலம் நடந்தது. நர்சரிக்காரர்கள் சம்பளம் கொடுத்துக் காடுகளுக்கு ஆள் அனுப்பினார்கள். ஃபேரி என்பவரின் பெயர் கொண்ட இன்னொரு செருப்புப்பூ 1857ல் இங்கிலாந்தில் பூத்தது. பிறகு அது எந்தக் காட்டிலிருந்து வந்தது என்றே தெரியாமல் போனது. மீண்டும் கொண்டுவருபவருக்கு 1000 பவுண்ட் தருவதாக சாண்டர் என்ற பெரிய ஆர்க்கிட் வியாபாரி அறிவித்தார். சுமார் 50 வருடம் கழித்துத்தான் அது பூட்டான் பக்கம் கிடைத்தது. இப்படிப்பட்ட சந்தைக்குத்தான் நம் பொதிகைச் செடியும் போய்ச் சேர்ந்தது. நடுக்கோடு வேண்டும் என்பதற்காகவே கலப்பினம் செய்பவர்கள் இதைத் தேடினார்கள்.

அதன்பின் நீண்ட மௌனம். கண்ணாடி வீடுகளில் வாரிசுகள் இருந்தன, மலையில் செடியைக் காணோம். அழிந்தேவிட்டது என்றுதான் நினைத்தார்கள்.

1972: ஒரே வருடத்தில் இரண்டு செய்திகள்

1972ல் அகத்தியமலையில் இந்தச் செடி மீண்டும் கண்டுபிடிக்கப்பட்டது. அதே 1972ல்தான் இந்தியாவில் வன உயிரினப் பாதுகாப்புச் சட்டமும் வந்தது. ஆகா, சரியான நேரம் என்று தோன்றுகிறதா? எனக்கும் அப்படித்தான் தோன்றியது.

ஆனால் அந்தச் சட்டத்தின் பட்டியல்களில் புலி இருந்தது, பறவைகள் இருந்தன. செடிகள் இல்லை. ஒரு மானைக் கொன்றால் வழக்கு, உலகில் வேறெங்கும் இல்லாத ஒரு செடியைப் பிடுங்கினால் இந்தச் சட்டத்தில் கேள்வி இல்லை. செய்தி பரவியதும் சேகரிப்பவர்கள் மலையேறினார்கள். நூறு வருடம் ஒளிந்திருந்து பிழைத்த செடி, கண்டுபிடிக்கப்பட்ட கொஞ்ச வருடங்களிலேயே மறுபடி அழிவின் விளிம்புக்கு வந்தது. புல்வெளியில் பிடிக்கும் காட்டுத்தீயும் தன் பங்குக்குக் கெடுத்தது.

உலக அளவில் சைட்டீஸ் ஒப்பந்தம் 1975ல் அமலுக்கு வந்தது. இந்தியா 1976ல் சேர்ந்தது. ஆர்க்கிட்டுகளில் பெரும்பாலானவை அதன் இரண்டாம் பட்டியலில் இருந்தன. அதாவது அனுமதிச் சீட்டு இருந்தால் விற்கலாம். பாஃபியோபெடிலம் வகைச் செருப்புப்பூக்களைக் காட்டிலிருந்து எடுத்து வியாபாரம் செய்யவே கூடாது என்னும் முதல் பட்டியலுக்கு மாற்றியது 1989ல்தான். இந்தியச் சட்டத்தில் செடிகளுக்கென்று தனி அத்தியாயம் சேர்ந்தது 1991ல். அப்போது பட்டியலில் இடம்பிடித்தவை 6 வரிகள் மட்டுமே. செருப்புப்பூக்கள் அதில் ஒன்று. பெட்டோமின் பெயர் கொண்ட சைகஸ் இன்னொன்று. 2022 திருத்தத்துக்குப் பிறகு இந்தச் செடிகள் மூன்றாம் பட்டியலில் இருக்கின்றன.

1972க்கும் 1991க்கும் நடுவே 19 வருடம். என்னைக் கேட்டால் இந்தக் கதையின் மிக முக்கியமான எண் அதுதான்.

ஏன் பிடுங்க வேண்டும்? விதை போட்டால் வராதா?

நியாயமான கேள்வி. ஆர்க்கிட் விதை என்பது தூசி மாதிரி. நெல்லுக்குள் முளைக்கு உணவாக அரிசி இருக்கிறதல்லவா, அதுபோன்ற சேமிப்பு ஆர்க்கிட் விதைக்குள் கிடையாது. மண்ணிலுள்ள ஒருவகைப் பூஞ்சை வந்து ஊட்டினால்தான் முளைக்கும். பிரான்சில் நோயல் பெர்னார் 1899ல் இதைக் கண்டறிந்தார். பூஞ்சைக்குப் பதில் சர்க்கரை கலந்த அகார் கூழிலேயே முளைக்க வைக்கலாம் என்று அமெரிக்காவில் லூயிஸ் நட்சன் 1922ல் காட்டினார்.

செருப்புப்பூவில் இன்னொரு சிக்கலும் உண்டு. இந்த வகைப் பூக்களில் தேன் கிடையாது. ஈ ஏமாந்து பைக்குள் விழுந்து, பின்பக்க வழியாக மகரந்தத்தை உரசிக்கொண்டு வெளியேற வேண்டும். எல்லா ஈயும் ஏமாறாது, அதனால் காய் பிடிப்பது குறைவு. மற்ற ஆர்க்கிட்டுகளைத் திசு வளர்ப்பில் ஆயிரக்கணக்கில் பெருக்குவது போல இதைச் சுலபமாகப் பெருக்கவும் முடியவில்லை. விதையிலிருந்து பூவுக்குப் பல வருடம் காத்திருக்க வேண்டும். காத்திருக்க மனமில்லாதவர் மலைக்குப் போய்ப் பிடுங்கினார்.

அந்தக் காத்திருப்பைச் செய்தவர்கள் திருவனந்தபுரம் அருகே பாலோட்டில் 1979ல் தொடங்கிய தாவரவியல் பூங்கா ஆராய்ச்சி நிறுவனத்தினர். விதையைச் சோதனைக்கூடத்தில் முளைக்க வைத்து, நாற்றாக வளர்த்து, மலைக்கே எடுத்துப்போய் நட்டார்கள். இருந்தும் இது மிகவும் ஆபத்தான நிலையிலுள்ள இனம் என்றுதான் சர்வதேசச் சிவப்புப் பட்டியல் சொல்கிறது. போவதற்குக் கொஞ்ச நேரம் போதும், திரும்பி வரத்தான் தலைமுறை வேண்டும்.

நாம் வளர்க்கலாமா?

இதை வேண்டாம். சட்டப்படியும் முடியாது, கடலூர் வெயிலில் பிழைக்கவும் செய்யாது. தரை ஆர்க்கிட் ஆசை இருந்தால் நர்சரிகளில் 'கிரவுண்ட் ஆர்க்கிட்' என்று விற்கும் ஸ்பாத்தோகுளோட்டிஸ் வாங்குங்கள். நம் ஊர்ச் சூட்டைத் தாங்கும். மண் பொலபொலவென்று இருக்க வேண்டும், தண்ணீர் தேங்கக் கூடாது, காலை வெயில் போதும். வாங்கும்போது தோட்டத்தில் வளர்ந்ததா, காட்டில் எடுத்ததா என்று ஒரு வார்த்தை கேளுங்கள். அந்த ஒரு கேள்வியை 1970களில் வாங்கியவர்கள் கேட்டிருந்தால் பொதிகையில் இன்று செடி நிறைய இருந்திருக்கும்.

அடுத்த முறை பிச்சாவரம் போனால் தில்லை மரத்தைப் பார்த்துவிட்டு வாருங்கள். தூரத்திலிருந்துதான்!