ஓட்டுப் பட்டியலும் ஓஷோவின் பேருந்துகளும்

எங்க பெரியப்பாவுக்கு ஓட்டுப் போடுற நாள் தீபாவளி மாதிரி. காலையில தலைக்குக் குளிச்சு, சலவை வேட்டி கட்டி, ஏழு மணிக்கு முன்னாடியே வரிசையில முதல் ஆளா நிப்பார். 2009 மே மாத நாடாளுமன்றத் தேர்தல்லயும் அப்படித்தான் போனார். நானும் கூடப் போயிருந்தேன்.

பூத்ல இருந்த தம்பி பட்டியலை முன்னாடி, பின்னாடி, மறுபடி முன்னாடின்னு புரட்டினார். "பேரு இல்லீங்களே ஐயா".

"அட்டை இருக்கே தம்பி?"

"அட்டை இருந்தா பத்தாதுங்க. லிஸ்ட்ல இருக்கணும்."

பெரியப்பா அசரவில்லை. "சரி, விட்டுப் போச்சு. இப்ப எழுதிக்கோ. முப்பது வருஷமா இதே தெருவுல இருக்கேன். இதோ இந்த வரிசையில யாரை வேணாலும் கேளு, நான் யாருன்னு சொல்லுவாங்க."

எல்லாரும் சிரிச்சுட்டாங்க. ஏஜெண்டுகள், வரிசையில நின்னவங்க, ஏன் நானும்தான். பெரியப்பா மட்டும் சிரிக்கலை. வீட்டுக்கு வந்து சலவை வேட்டியை மடிச்சு வெச்சுட்டு, அன்னிக்கு முழுக்க யார்கிட்டயும் பேசலை.

ரொம்ப வருஷம் கழிச்சு அமெரிக்கத் தேர்தல் வரலாறு எதையோ படிச்சுக்கிட்டு இருந்தப்போ தூக்கிவாரிப் போட்டது. பெரியப்பா கேட்டாரே, அது அப்படியே மினசோட்டா மாநிலத்தில் சட்டம்! நாம சிரிச்சது தப்போன்னு அன்னிக்குத்தான் தோணுச்சு. அந்தக் கதைதான் இந்தப் பதிவு. நடுவுல நம்மூர் சாமியார் ஒருத்தரும் வர்றார், பொறுத்துக்குங்க :-)

பட்டியல் எப்படி வந்தது?

அமெரிக்காவில் ஆரம்பத்தில் வாக்காளர் பட்டியல் என்ற சங்கதியே பெரும்பாலும் கிடையாது. சின்ன ஊர்கள், எல்லாருக்கும் எல்லாரையும் தெரியும். 1800-ல் மாசசூசெட்ஸ் முதன்முதலாக முன்பதிவுச் சட்டம் கொண்டு வந்தது. 19-ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் பெரிய நகரங்கள் வளர வளர மற்ற இடங்களுக்கும் பரவியது. கள்ள ஓட்டைத் தடுக்கத்தான் என்றார்கள். அது பொய்யும் இல்லை, கள்ள ஓட்டு நிஜமாகவே இருந்தது. ஆனால் கூடவே இன்னொரு வேலையும் நடந்தது. 1908-ல் நியூயார்க் நகரத்தில் பதிவு நாட்களை சனிக்கிழமையிலும் யூதர்களின் புனித நாளான யோம் கிப்பூரிலும் வைத்தார்கள். யூதர்கள் அந்த நாட்களில் எழுதமாட்டார்கள், கையெழுத்துப் போடமாட்டார்கள். யாரையும் "நீ ஓட்டுப் போடாதே" என்று சொல்ல வேண்டியதில்லை, தேதியை மாற்றினாலே போதும்!

தெற்கு மாநிலங்களில் கறுப்பினத்தவருக்கு எழுத்தறிவுத் தேர்வு, தலைவரி என்று நடந்த கொடுமை தனிப் பதிவுக்கான விஷயம். 1965 வாக்குரிமைச் சட்டம்தான் அதன் முதுகெலும்பை உடைத்தது.

அதற்குப் பிறகும் ஒரு தடை மிச்சம் இருந்தது. ஊர் மாறினால் ஓட்டு போச்சு. 1970-ல் ஜேம்ஸ் ப்ளும்ஸ்டீன் என்ற இளம் சட்டப் பேராசிரியர் வேலைக்காக டென்னசி மாநிலத்தின் நாஷ்வில் நகருக்குக் குடிபோனார். பதியப் போனவரிடம், "மாநிலத்தில் ஒரு வருஷம், கவுண்டியில் மூணு மாசம் இருந்துட்டு வாங்க" என்று திருப்பி அனுப்பினார்கள். சட்டப் பேராசிரியரிடமா! வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போனது. 1972-ல் தீர்ப்பு: ஒரு வருஷக் காத்திருப்பு செல்லாது, பட்டியலைச் சரிபார்க்க 30 நாள் தாராளம்.

இங்கேதான் சிலர் அடுத்த கேள்வியைக் கேட்டார்கள். முப்பது நாள் எதுக்கு? அன்னிக்கே பதிஞ்சா என்ன?

மினசோட்டா வழி

1973-ல் மெய்ன், மினசோட்டா இரண்டு மாநிலங்களும் சட்டம் போட்டன. விஸ்கான்சின் 1976 தேர்தலில் சேர்ந்துகொண்டது. (வட டகோட்டா இன்னும் ஒரு படி மேலே. 1951-லேயே முன்பதிவையே ஒழித்துவிட்டது!)

மினசோட்டா பூத்தில் பதிவுக்கு என்றே ஒரு தனி மேசை இருக்கும். பட்டியலில் பெயர் இல்லையா? அந்த மேசைக்குப் போய் இப்போதைய முகவரி உள்ள ஓட்டுநர் உரிமத்தைக் காட்டலாம். இல்லையென்றால் படம் போட்ட அடையாள அட்டையோடு மின்கட்டண ரசீது மாதிரி ஒன்றைக் காட்டலாம். அதுவும் இல்லையா? அதே பூத்தைச் சேர்ந்த வாக்காளர் ஒருவர், "இவரை எனக்குத் தெரியும், இங்கேதான் குடியிருக்கிறார்" என்று சத்தியம் செய்து கையெழுத்துப் போட்டால் போதும்.

பெரியப்பா கேட்டது இதைத்தானே!

சும்மா வாய்வார்த்தை இல்லை. ஒருவர் அதிகபட்சம் 8 பேருக்குத்தான் இப்படி உறுதி சொல்ல முடியும். பொய் சொன்னால் அது பெருங்குற்றம். தேர்தல் முடிந்ததும் பதிந்தவர் முகவரிக்கு ஒரு தபால் அட்டை போகும். வேறு முகவரிக்குத் திருப்பிவிட முடியாத அட்டை. "அப்படி ஒருத்தர் இங்கே இல்லை" என்று திரும்பி வந்தால் விசாரணை ஆரம்பம்.

இதில் ஓர் ஓட்டை இருக்கிறது, மறைக்க வேண்டாம். அட்டை திரும்பி வரும்போது அந்த ஓட்டு பெட்டிக்குள் மற்ற ஓட்டுகளோடு கலந்திருக்கும். ஆளைப் பிடிக்கலாம், ஓட்டைப் பிடித்து வெளியே எடுக்க முடியாது. எதிர்ப்பவர்கள் சொல்வது இதைத்தான், அதில் நியாயமும் இருக்கிறது. 1977-ல் அதிபர் கார்ட்டர் இந்த முறையை நாடு முழுவதும் கொண்டுவரப் பார்த்தார் (துணை அதிபர் மாண்டேல் மினசோட்டாக்காரர் என்பதைக் கவனிக்கவும்). நாடாளுமன்றத்தில் அது நிறைவேறவில்லை.

இப்போ நம்ம சாமியார்

1975-ல் ஒரேகான் மாநிலமும் இந்தக் கதவைத் திறந்தது. ஆறு வருஷம் கழித்து, 1981-ல் பகவான் ரஜனீஷின் சீடர்கள் அங்கே வாஸ்கோ கவுண்டிப் பக்கம் சுமார் 64,000 ஏக்கர் பண்ணையை வாங்கி ரஜனீஷ்புரம் என்று ஊர் கட்டினார்கள். ஓஷோ என்ற பெயரெல்லாம் 1989-ல் வந்தது, அப்போது அவர் பகவான்தான். 2018-ல் நெட்ஃபிளிக்ஸில் வந்த 'வைல்ட் வைல்ட் கன்ட்ரி' பார்த்தவர்களுக்குப் பாதிக் கதை தெரிந்திருக்கும். பக்கத்து கவுண்டியின் தலைநகர் பெயர் என்ன தெரியுமா? மெட்ராஸ்! நம்ம மெட்ராஸ் துணிப் பொதியைப் பார்த்து வைத்த பெயர் என்பது அங்கே சொல்லப்படும் ஒரு கதை.

பக்கத்தில் ஆண்டிலோப் என்று ஒரு குட்டி ஊர். ஐம்பது பேர்கூடத் தேறாது. சீடர்கள் அங்கே குடியேற ஆரம்பித்ததும் பழைய ஊர்க்காரர்கள் பயந்துபோய், 1982-ல் ஊராட்சியையே கலைத்துவிடலாம் என்று வாக்கெடுப்பு வைத்தார்கள். புதிதாக வந்து பதிந்தவர்கள் ஓட்டே அதிகம். தோற்றார்கள். ஊர் சீடர்கள் கைக்குப் போனது, பின்னர் பெயரும் 'ரஜனீஷ்' என்று மாறியது.

ஊர் கிடைத்தது, அடுத்தது கவுண்டி. நிலப் பயன்பாடு, கட்டட அனுமதி எல்லாவற்றுக்கும் கவுண்டி ஆணையர்கள் தயவு வேண்டும். மொத்தம் மூன்று ஆணையர்கள், 1984 நவம்பர் 6 தேர்தலில் இரண்டு இடம் காலி. இரண்டையும் பிடித்தால் பெரும்பான்மை. கவுண்டி மக்கள்தொகை சுமார் 20,000. ரஜனீஷின் செயலாளர் மா ஆனந்த் ஷீலா தரப்பு இரண்டு திட்டம் போட்டது.

முதல் திட்டம்: நம்ம ஓட்டைக் கூட்டு. 1984 செப்டம்பரில் அமெரிக்காவின் பல நகரங்களிலிருந்து வீடில்லாத மனிதர்களை ஆயிரக்கணக்கில் பேருந்து பேருந்தாக அழைத்து வந்தார்கள். சாப்பாடு, உடுப்பு, தங்க இடம் எல்லாம் இலவசம். பெயர், 'வீட்டைப் பகிர்ந்துகொள்வோம்'. உள்நோக்கம் ஓட்டு.

இரண்டாம் திட்டம்: அவங்க ஓட்டைக் குறை. கவுண்டியின் முக்கிய நகரமான தி டால்ஸில் 10 உணவகங்களில் சாலட் வகையறாக்களில் சால்மொனெல்லா கிருமியைக் கலந்தார்கள். 751 பேர் வாந்தி பேதியில் விழுந்தார்கள். நல்லவேளை, ஒருவரும் சாகவில்லை. தேர்தல் நாளுக்கான ஒத்திகையாம் அது! முதலில் உணவக ஊழியர்களின் சுத்தக்குறைவு என்றே நினைத்தார்கள். ஒரு வருஷம் கழித்து, 1985-ல், ஷீலா தப்பி ஓடிய பிறகு ரஜனீஷே பத்திரிகையாளர்களிடம் போட்டு உடைத்த பின்தான் உண்மை வெளியே வந்தது.

முதல் திட்டத்தை எப்படித் தடுத்தார்கள்? 1984 அக்டோபரில், கவுண்டியின் தேர்தல் வேலையைக் கவனிக்கும் அதிகாரி, மாநிலச் செயலர் நார்மா பாலஸின் ஆதரவோடு ஒரு முடிவெடுத்தார். கவுண்டியில் புதிதாகப் பதிகிற ஒவ்வொருவரும் நேரில் விசாரணைக்கு வர வேண்டும். நிஜமாகவே இங்கே குடியிருக்கப் போகிறாயா, அல்லது தேர்தல் முடிந்ததும் கிளம்பிவிடுவாயா? அவ்வளவுதான், திட்டம் படுத்துவிட்டது. சீடர்கள் தேர்தலையே புறக்கணித்தார்கள். அழைத்து வந்த வீடில்லாதவர்களில் பெரும்பாலோரை அக்கம்பக்கத்து ஊர்களில் இறக்கிவிட்டார்கள். கதையில் யாரும் அதிகம் பேசாதவர்கள் இவர்கள்தான். ஓட்டு இருக்கும்வரை விருந்தாளி, ஓட்டு இல்லையென்றால் மறுபடி தெரு.

ஆனால் பயம் போகவில்லை. 1986-ல் ஒரேகான் மக்கள், தேர்தலுக்கு 20 நாள் முன்பே பதிவை முடிக்க வேண்டும் என்று மாநில அரசியல் சட்டத்தையே திருத்தி ஓட்டுப் போட்டார்கள். கதவு சாத்தப்பட்டது.

கணக்குப் போட்டுப் பார்ப்போமா?

பேருந்துகள் வந்தது செப்டம்பரில். தேர்தல் நவம்பர் 6. இருபது நாள் முன்பு என்றால் அக்டோபர் 17. அதாவது அந்தக் கெடு 1984-லேயே இருந்திருந்தாலும் ஷீலா கூட்டத்துக்குத் தாராளமாக ஒரு மாசம் கையில் இருந்தது! திட்டம் போட்டு ஏமாற்றுகிறவனுக்குக் கெடு ஒரு பொருட்டே இல்லை. நாட்காட்டியைப் பார்த்து வண்டியை முன்கூட்டியே கிளப்புவான். கெடுவில் மாட்டுவது போன வாரம் வீடு மாறியவன், முதல்முறை ஓட்டுப் போடும் மாணவி, பெயர் விடுபட்டதே தெரியாத கிழவர்.

உண்மையில் ரஜனீஷ் திட்டத்தைத் தடுத்தது என்ன? ஆளை நேரில் பார்த்து, "நீ எந்த ஊர்?" என்று கேட்டது. தேதி அல்ல, கேள்வி. அந்தக் கேள்வியால் அன்றைக்கு நிஜமான உள்ளூர்க்காரர்களும் அலைந்திருப்பார்கள் என்பதையும் ஒப்புக்கொள்ள வேண்டும். இரண்டாம் திட்டத்துக்கோ பட்டியலோடு சம்பந்தமே இல்லை. விஷம் வைத்தது ஏற்கெனவே பட்டியலில் இருந்தவர்களுக்கு!

"சரிப்பா, திறந்து வெச்ச இடத்துல என்ன ஆச்சு?" என்று கேட்பீர்கள். 1998-ல் மினசோட்டாவில் முன்னாள் மல்யுத்த வீரர் ஜெஸ்ஸி வென்ச்சுரா இரண்டு பெரிய கட்சிகளையும் தோற்கடித்து ஆளுநரானார். அன்று ஓட்டுப் போட்டவர்களில் சுமார் ஆறில் ஒருவர் அன்றைக்கே பதிந்தவர். இது நல்லதா கெட்டதா என்பது வென்ச்சுராவைப் பற்றி நீங்கள் என்ன நினைக்கிறீர்கள் என்பதைப் பொறுத்தது :-)

இன்னும் பெரிய பரீட்சை 2008-ல் வந்தது. செனட் தேர்தலில் ஆல் ஃப்ராங்கன், நார்ம் கோல்மன் போட்டி. மாநிலம் முழுக்க 5 லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள் தேர்தல் நாளில் பதிந்து ஓட்டுப் போட்டிருந்தார்கள். மறு எண்ணிக்கை, வழக்கு எல்லாம் முடிந்து 2009 ஜூனில் வந்த இறுதி வித்தியாசம் வெறும் 312 ஓட்டு. வக்கீல்கள் ஏறக்குறைய எட்டு மாசம் ஓட்டுச்சீட்டுகளைப் பூதக்கண்ணாடி வைத்துப் பார்த்தார்கள். தபால் ஓட்டு உறைகளைப் பற்றித்தான் சண்டை. கள்ளத்தனம் நடந்தது என்று நீதிமன்றத்தில் இரண்டு தரப்புமே குற்றம் சாட்டவில்லை. 312 ஓட்டில் ஒரு செனட் இடம் போகும்போது அப்படி ஒன்று கண்ணில் பட்டிருந்தால் சும்மா விடுவார்களா?

மெய்ன் மாநிலத்தில் 2011-ல் சட்டமன்றம் அன்றைக்கே பதியும் முறையை ரத்து செய்தது. அதே வருஷம் மக்கள் வாக்கெடுப்பில் ஏறக்குறைய 60 சதவீதம் பேர் "அதெல்லாம் முடியாது" என்று திரும்பக் கொண்டுவந்தார்கள். இன்று 20-க்கும் மேற்பட்ட மாநிலங்களில் இந்த வசதி இருக்கிறது. ஒரேகான் திரும்பவில்லை. பதிலாக வேறு வழி கண்டுபிடித்தது. 2016 முதல், ஓட்டுநர் உரிமம் வாங்கப் போனாலே தகுதியுள்ளவர் பெயர் தானாகப் பட்டியலில் ஏறிவிடும். ரஜனீஷ் சாத்திய கதவுக்குப் பக்கத்தில் ஒரு ஜன்னல் :-)

நம்ம ஊர்ல?

1951-52 முதல் பொதுத்தேர்தலில் சுமார் 28 லட்சம் பெண்களின் பெயர்கள் நீக்கப்பட்டன. சொந்தப் பெயரைச் சொல்லாமல் "இன்னார் மனைவி, இன்னார் மகள்" என்றே பதிந்திருந்ததால். பட்டியல் சுத்தமானது, 28 லட்சம் பேர் வெளியே நின்றார்கள். இன்றும் வேட்புமனு தாக்கலின் கடைசி நாளுக்குப் பிறகு பட்டியலில் ஒரு பெயரைச் சேர்க்க முடியாது. நம்ம பூத்களின் கூட்டத்துக்கும், கட்சிக்காரர்களின் சாமர்த்தியத்துக்கும் மினசோட்டா மேசையை அப்படியே இங்கே தூக்கிவந்து போட முடியுமா? எனக்கே பயமாகத்தான் இருக்கிறது. எட்டு பேருக்குச் சத்தியம் செய்ய எட்டாயிரம் பேர் கிடைப்பார்கள்.

ஆனாலும், பட்டியலில் தப்பு நடந்தால் அதன் விலையை யார் கொடுப்பது? நம்ம முறையில் எழுதினவர் தப்பு செய்தாலும் விலை கொடுப்பது வரிசையில் நிற்பவர்தான். மினசோட்டா அந்த ஒரு விஷயத்தை மட்டும் மாற்றிவிட்டது.

பெரியப்பா அதுக்கப்புறம் படிவம் கொடுத்து, பேர் ஏறி, 2011 சட்டமன்றத் தேர்தல்ல ஓட்டுப் போட்டார். பூத்துக்குக் கிளம்புறதுக்கு முன்னாடி, "பேரு இருக்கான்னு பாருடா"ன்னு மூணு தடவை என்கிட்ட கேட்டார். அதுக்கு முன்னாடி அவர் அப்படிக் கேட்டதே இல்லை.

டிஸ்கி: உங்க வீட்டுலயும் "அட்டை இருக்கு, பேரு இல்லை" கதை இருக்கும். பின்னூட்டத்துல சொல்லிட்டுப் போங்க மக்கா. அடுத்த தேர்தலுக்கு முன்னாடி ஒரு தடவை பட்டியலையும் பார்த்துடுங்க.