ஆறு வருடம் கட்டியும் குறையாத அசல்: வீட்டுக்கடனும் சேரியின் வரலாறும்

சூரமங்கலத்தில், சேலம் சந்திப்பு ரயில் நிலையத்திலிருந்து நடந்தே போய்விடக்கூடிய தூரத்தில் உள்ள ஒரு காலனிக்கு நாங்கள் வேறொரு வேலையாகப் போயிருந்தோம். சாதிச் சான்றிதழ் விண்ணப்பங்களை நிரப்பிக் கொடுக்கும் வேலை. அது முடிந்து கிளம்பும்போது கொலுசுப் பட்டறையில் வேலை செய்யும் ஓர் அக்கா பிளாஸ்டிக் பை ஒன்றைக் கொண்டுவந்து எங்கள் முன் வைத்தார். உள்ளே ஒரு வீட்டுக்கடன் நிறுவனத்தின் காகிதங்கள். "ஆறு வருசமா ஒரு மாசம் தவறாம கட்டறோம் தம்பி. பாதியாவது கழிஞ்சிருக்குமில்ல? எவ்வளவு பாக்கின்னு பாத்துச் சொல்லுங்க" என்றார்.

பார்த்தோம். கடன் 10 லட்சம் ரூபாய், வட்டி 14 சதவீதம், காலம் 20 ஆண்டு, மாதத் தவணை 12,435 ரூபாய். 72 தவணைகளில் அவர் கட்டியிருந்த தொகை 8 லட்சத்து 95 ஆயிரம். அசல் பாக்கி 9 லட்சத்து 14 ஆயிரம். அதாவது ஆறு ஆண்டுகளில் அசலில் கழிந்தது வெறும் 86 ஆயிரம் ரூபாய். அந்த அக்கா முதலில் நம்பவில்லை. நாங்கள் தப்பாகக் கூட்டிவிட்டோம் என்று நினைத்து, பத்தாம் வகுப்பு படிக்கும் மகளைக் கூப்பிட்டு அவளையும் கூட்டிப் பார்க்கச் சொன்னார்.

கணக்கில் தப்பில்லை. முதல் மாதம் கட்டிய 12,435 ரூபாயில் 11,667 ரூபாய் வட்டிக்குப் போய்விட்டது, அசலுக்குப் போனது 768 ரூபாய். மீதமுள்ள அசலுக்கு மாதாமாதம் வட்டி போட்டு, அதை முதலில் எடுத்துக்கொண்டு, மிச்சத்தைத்தான் அசலில் கழிப்பார்கள். எல்லா வங்கியிலும் எல்லா வீட்டுக்கடனுக்கும் இதுதான் முறை. இது மோசடி இல்லை, சட்டப்படியான கணக்கு. அதனால்தான் இதை வரலாற்றோடு வைத்துப் பார்க்க வேண்டும் என்று எங்களுக்குத் தோன்றியது. நம் தாத்தாக்களை விழுங்கிய கடனும் அந்தக் காலத்துச் சட்டப்படியானதுதான்.

நிலத்தை ஈடு வைத்துக் கடன் வாங்க வேண்டுமென்றால் அந்த நிலம் ஒருவர் பெயரில் இருக்க வேண்டும். அந்தப் 'பெயரில் இருப்பது' என்ற ஏற்பாட்டுக்கும் சேலத்துக்கும் நெருங்கிய தொடர்புண்டு. 1792-இல் திப்பு சுல்தானிடமிருந்து பாராமகாலும் சேலம் பகுதியும் கம்பெனியின் கைக்கு வந்தன. கேப்டன் ரீடும் அவருக்குக் கீழே இருந்த தாமஸ் மன்றோவும் இங்கே நிலத்தை அளந்து, தனித்தனி விவசாயியிடம் வரி வாங்கும் முறையைச் சோதித்துப் பார்த்தார்கள். பின்னாளில் சென்னை மாகாணம் முழுக்கப் பரவிய ரயத்துவாரி முறையின் தொட்டில் இந்த மண்தான். பட்டா கையில் வந்தவருக்கு நிலம் விற்கவும் ஈடு வைக்கவும் கூடிய பொருளானது. பட்டா வராதவர் ஈடு வைக்க எதுவுமின்றி நின்றார். அவரிடம் இருந்தது உடம்பு மட்டும். அதைத்தான் அவர் வைத்தார்.

பண்ணையாள் முறையை வெறும் கூலி முறையாகப் படித்தால் புரியாது. அது ஒரு அடமான முறை. கல்யாணத்துக்கோ சாவுக்கோ வாங்கிய முன்பணம் அசல், பண்ணையாளின் உழைப்பு வட்டி. அசலில் ஒரு காசும் கழியாது, ஏனென்றால் உழைப்பு முழுவதும் வட்டிக்கே சரியாகிவிடும். அப்பன் செத்தால் மகன் அந்த அசலைச் சுமப்பான். குமாரபாளையம், பள்ளிபாளையம் விசைத்தறிகளில் முன்பணத்துக்கு இன்றும் 'பாக்கி' என்றே பெயர். பாக்கி தீராமல் தறியை விட்டுப் போக முடியாது.

இதில் வீடு எங்கே வருகிறது? 1891-இல் செங்கல்பட்டு கலெக்டர் திரமென்ஹீர் எழுதிய அறிக்கையைப் பஞ்சமி நிலத்துக்காக நாம் அடிக்கடி நினைவுகூர்கிறோம். அதே அறிக்கையில் அதிகம் பேசப்படாத ஒரு செய்தி இருக்கிறது. சேரி மக்களின் குடிசை நின்ற இடம்கூட அவர்களுக்குச் சொந்தமில்லை, மிராசுதாரருக்குச் சொந்தம் என்பதுதான் அது. எதிர்த்துப் பேசினால் வேலை மட்டும் போகாது, குடிசையும் போகும். கடனையும் மனையையும் ஒரே கை பிடித்திருந்தது. சேலம் பக்கம் மிராசு முறை இல்லைதான். ஆனாலும் பண்ணையக்காரரின் நிலத்து ஓரத்தில் குடிசை போட்டிருந்தவரின் நிலைமை பெரிதாக மாறிவிடவில்லை.

1892-இல் பிறந்த பஞ்சமி நில ஆணை, பத்தாண்டுகளுக்கு நிலத்தை யாருக்கும் கைமாற்றக் கூடாது, அதன்பிறகும் தாழ்த்தப்பட்ட வகுப்பாருக்கு மட்டுமே கொடுக்கலாம் என்று நிபந்தனை போட்டது. நிபந்தனை சரியானதுதான். ஆனால் நடந்தது என்ன? நூறு, இருநூறு ரூபாய்க் கைமாற்றுக்கு ஒரு வெற்றுத்தாளில் ரேகை வாங்கிக்கொண்டு ஆதிக்கச் சாதியினர் நிலத்தில் ஏர் ஓட்டினார்கள். சட்டப்படி செல்லாத அடமானம் கிராமத்தில் செல்லுபடியானது. முறையான கடன் தரும் இடமோ, நிபந்தனைப் பட்டாவை ஈடாக ஏற்கத் தயங்கியது. கள்ள அடமானத்துக்கு உதவிய நிலம் நல்ல கடனுக்கு உதவவில்லை.

சேரிக்கென்று முதன்முதலாக வந்த 'வீட்டுக்கடன்' எது என்று தேடினால் 1920-ஐ ஒட்டிய ஆண்டுகளுக்குப் போக வேண்டும். தாழ்த்தப்பட்டோர் நலனுக்கென சென்னை மாகாண அரசு பேடிசன் என்ற அதிகாரியை நியமித்து, அந்தப் பதவி லேபர் கமிஷனர் ஆன காலம் அது. தனியார் நிலத்தை அரசு கையகப்படுத்திச் சேரி மக்களுக்கு மனையாகக் கொடுத்தது. இலவசமாக அல்ல. கூட்டுறவுச் சங்கம் அமைத்து, அந்தச் சங்கத்தின் வழியே நிலத்தின் விலையைத் தவணை தவணையாக மக்களிடமிருந்து வசூலிக்கும் ஏற்பாடு. தலைமுறைகளாகத் தங்கள் குடிசை நின்ற இடத்துக்கே விலை கொடுத்தவர்களும் அதில் உண்டு. விலையை வாங்கிக்கொண்டவர் யார் என்று சொல்லத் தேவையில்லை. சேரி வரலாற்றில் முதல் தவணை அட்டவணை இப்படித்தான் எழுதப்பட்டது.

அடுத்து 1938. சேலம் நகராட்சித் தலைவராக இருந்த ராஜாஜி அப்போது மாகாணத்தின் பிரதமர். சேலம் மாவட்டத்தில்தான் முதன்முதலில் மதுவிலக்கைக் கொண்டுவந்தார், 1937 அக்டோபர் 1 அன்று. அடுத்த ஆண்டு வந்த சென்னை விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டத்திலும் அதே தேதியைக் காணலாம். 1932 அக்டோபருக்கு முந்தைய கடன்களுக்கு 1937 அக்டோபர் 1 வரை நிலுவையில் நின்ற வட்டி தள்ளுபடி. அசலைப் போல இருமடங்கு ஏற்கெனவே கட்டியிருந்தால் கடனே தீர்ந்தது. 'அசலுக்கு மேல் வட்டி ஏறக் கூடாது' என்ற பழைய வழக்கத்துக்கும் ஒருபடி மேலே போன சட்டம் இது. நல்ல சட்டம் என்றே சொல்வோம்.

ஆனால் யாருக்கு? விவசாயி என்றால் யார் என்று சட்டம் விளக்கம் வைத்திருந்தது: விவசாய நிலத்தில் விற்கத்தக்க உரிமை உள்ளவர். நிலமே இல்லாத பண்ணையாள் அந்த விளக்கத்துக்குள் வரமாட்டார். இருமடங்கு அல்ல, இருபது மடங்கு உழைத்துக் கட்டியிருந்தாலும் அவர் கடன் தீராது. அவருக்கான சட்டம் வர இன்னும் 38 ஆண்டுகள் ஆயின. 1976-இன் கொத்தடிமை ஒழிப்புச் சட்டம்தான் அந்தக் கடன்களைச் செல்லாது என்றது, அவற்றுக்காகப் பிடித்து வைத்திருந்த அடமானச் சொத்தையும் விடுவித்தது. குடிசை நின்ற மனைக்கு உரிமை தந்த குடியிருப்புச் சட்டம் அதற்கு ஐந்தாண்டு முன்னால், 1971-இல் கலைஞர் ஆட்சியில் வந்தது.

அந்த 'இருமடங்கு' அளவுகோலை மட்டும் கையில் எடுத்துக்கொள்வோம். இன்றைய வங்கிக் கடனுக்கு அந்தச் சட்டம் பொருந்தாது, தெரியும். இருந்தாலும் நியாயம் எது என்று ஒரு காலத்து அரசு கோடு கிழித்த இடம் அது. நம் அக்கா 161-ஆவது தவணையில் 20 லட்சத்தைத் தாண்டுவார், அசலில் இருமடங்கு. அன்றைக்கும் அவர் பெயரில் சுமார் 6 லட்சத்து 39 ஆயிரம் அசல் நிற்கும். இன்னும் 79 மாதம் கட்ட வேண்டும். மொத்தம் 29 லட்சத்து 84 ஆயிரம்.

அரசு வேலையிலிருக்கும் ஒருவர் அதே 10 லட்சத்தை 9 சதவீதத்துக்கு வாங்கினால் தவணை 8,997 ரூபாய், மொத்தம் 21 லட்சத்து 59 ஆயிரம். வித்தியாசம் 8 லட்சத்து 25 ஆயிரம். இந்தத் தொகைக்கு என்ன பெயர் வைப்பது? சம்பளச் சீட்டு இல்லாததற்கான அபராதம் என்கிறோம் நாங்கள். கொலுசுப் பட்டறையில் வாரக் கூலியை யாரும் சீட்டில் எழுதித் தருவதில்லை. யாருக்குச் சம்பளச் சீட்டு இருக்கிறது, யாருக்கு இல்லை என்பது சாதியோடு சம்பந்தமில்லாத விஷயம் என்று யாராவது சொன்னால், அவரை ஒருநாள் அந்தக் காலனிக்கு அழைத்துப்போகத் தயாராக இருக்கிறோம். அதோடு, காப்பீடு, கோப்புக் கட்டணம் என்று 45 ஆயிரத்தைக் கடனிலேயே பிடித்துக்கொண்டிருக்கிறார்கள். கையில் வராத அந்தப் பணத்துக்கும் 20 ஆண்டு வட்டி உண்டு. அது முடியும்போது 1 லட்சத்து 34 ஆயிரமாகியிருக்கும்.

அமெரிக்காவில் கறுப்பின மக்கள் இதே வழியாக வந்தவர்கள். 1933-இல் தொடங்கிய வீட்டு உரிமையாளர் கடன் கழகம் நீண்டகாலத் தவணைக் கடனை அங்கே பரவலாக்கியது. நகரங்களுக்கு வண்ண வரைபடங்கள் தயாரித்து, கறுப்பர் வாழும் பகுதிகளுக்குச் சிவப்பு பூசியதும் அதே கழகம்தான். வங்கிக் கடன் கிடைக்காத சிகாகோ கறுப்பர்கள் விற்பவரிடமே தவணை ஒப்பந்தம் போட்டார்கள். கடைசித் தவணை கட்டும்வரை பத்திரம் விற்பவரிடம். ஒரு மாதம் தவறினால் வீடும் போச்சு, கட்டிய பணமும் போச்சு. 1968-இல் அவர்கள் சங்கம் கட்டித் தவணை மறுப்புப் போராட்டம் நடத்தினார்கள். நம் ஊரில் அப்படி வரைபடம் போட்டு யாரும் பார்த்ததில்லை. முகவரியில் 'காலனி' என்று இருந்தால் மேலாளர் பேனாவைக் கீழே வைத்துவிடுவதை நாங்கள் பார்த்திருக்கிறோம்.

இந்தியாவில் வீட்டுக்கடன் ஒரு தொழிலாக வளர்ந்தது சமீபத்தில்தான். 1977-இல் எச்.டி.எஃப்.சி., 1988-இல் தேசிய வீட்டுவசதி வங்கி. 2002-இல் வந்த சர்ஃபேசி சட்டம் கடன் கொடுத்தவருக்கு நீதிமன்றம் போகாமலே வீட்டைக் கைப்பற்றும் அதிகாரம் கொடுத்தது. 90 நாள் தவணை நின்றால் வாராக்கடன், அதன்பின் 60 நாள் நோட்டீஸ், அதன்பின் சுவரில் ஒட்டும் அறிவிப்பு. சிவில் நீதிமன்றத்துக்குப் போக வழியில்லை, கடன் மீட்புத் தீர்ப்பாயத்துக்குத்தான் போக வேண்டும். வாரக்கூலிக்காரர் தீர்ப்பாயம் தேடி அலையும் நாட்களின் கூலி யார் கணக்கில் வரும்?

மாறும் வட்டி இன்னொரு பொறி. 2022 மே மாதம் 4 சதவீதமாக இருந்த ரெப்போ விகிதம் 2023 பிப்ரவரிக்குள் 6.5 ஆனது. 7 சதவீதத்தில் 20 லட்சம் வாங்கியவரின் தவணை 15,506. ஓராண்டு கட்டியபின் வட்டி ஒரேயடியாக 9.5-க்கு ஏறியது என்று வைத்துக்கொண்டால், மாத வட்டி மட்டுமே சுமார் 15,450 ரூபாய். தவணை மாறாமல் இருந்தால் அசலுக்குப் போவது சுமார் ஐம்பது ரூபாய். நிறுவனங்கள் பலருக்குத் தவணையை ஏற்றாமல் காலத்தை நீட்டின. குறுஞ்செய்தியில் தவணை மாறவில்லை என்பதைப் பார்த்து ஜனங்கள் நிம்மதியாக இருந்தார்கள். வட்டி மாறும்போது தவணையை ஏற்றுவதா காலத்தை நீட்டுவதா என்று கடன் வாங்கியவரிடம் கேட்க வேண்டும் என ரிசர்வ் வங்கி 2023 ஆகஸ்டில் உத்தரவிட்டது. கேட்டார்களா என்று உங்கள் தெருவில் விசாரித்துப் பாருங்கள்.

வீட்டுக்கடன் வாங்காதீர்கள் என்று நாங்கள் சொல்லவில்லை. மனை இல்லாமல் எத்தனை தலைமுறை அடிபட்டோம் என்பதை மேலே எழுதிவிட்டு அப்படிச் சொல்ல முடியாது. தன் பெயரில் பத்திரம் இருக்கும் வீட்டுக்கு நம்மிடம் சந்தையில் விலை போட முடியாத ஒரு மதிப்பு உண்டு. கணக்கைத் தெரிந்துகொண்டு வாங்குங்கள் என்கிறோம். 2024 அக்டோபரிலிருந்து எல்லாக் கட்டணங்களையும் சேர்த்த ஆண்டு வட்டி விகிதத்தைக் காட்டும் விவரத் தாளைக் கடன் தருபவர் கொடுத்தாக வேண்டும். கையெழுத்துக்கு முன் அதை வாங்கி, வட்டி சதவீதத்தைப் பார்ப்பதற்கு முன் மொத்தம் எவ்வளவு கட்டப்போகிறோம் என்ற வரியைப் பாருங்கள். மாறும் வட்டியில் தனிநபர் வாங்கிய வீட்டுக்கடனை முன்கூட்டிக் கட்டுவதற்கு அபராதம் கிடையாது. 20 லட்சம், 9 சதவீதம், 20 ஆண்டுக் கடனில் முதல் மாதத்திலிருந்தே தவணையோடு 1,500 ரூபாய் கூடுதலாகக் கட்டினால் மூன்றரை ஆண்டுக்கு மேல் குறையும், சுமார் 4 லட்சத்து 90 ஆயிரம் மிச்சம். ஆனால் அந்தப் பணத்தை அசலில் கழிக்கச் சொல்லி எழுதிக் கொடுத்து, ஒப்புகை வாங்க வேண்டும். மாதம் 1,500 மிச்சம் பிடிக்க முடிகிறவருக்குத்தான் இந்த வழி என்பதும் எங்களுக்குத் தெரியும்.

அந்த அக்காவுக்காக மூன்று கடிதம் எழுதினோம். முழு தவணை அட்டவணை கேட்டு ஒன்று, காப்பீட்டுப் பத்திரத்தின் நகல் கேட்டு ஒன்று, வட்டியைக் குறைக்கக் கேட்டு ஒன்று. ஆறு ஆண்டு ஒழுங்காகக் கட்டிய கணக்கு கையில் இருப்பதால் பொதுத்துறை வங்கிக்குக் கடனை மாற்றவும் விண்ணப்பித்திருக்கிறோம். காப்பீட்டு நகல் வந்துவிட்டது. காப்பீடு கணவர் பெயரில் மட்டும் இருக்கிறது, அதுவும் ஐந்தாண்டுக்கு. ஐந்தாண்டு போன வருடமே முடிந்துவிட்டது.