ஊமைப்படத்தில் ஒற்றர் கதை: மார்த்தாண்ட வர்மா (1933)

போடிநாயக்கனூரிலிருந்து போடிமெட்டுக்கு ஏறினால் ஏலமலைத் தோட்டங்கள் தொடங்கும். இன்று கேரளத்தின் இடுக்கி மாவட்டத்தில் உள்ள அப்பகுதி, ஊமைப்படக் காலத்தில் திருவிதாங்கூர் சமஸ்தானத்தில் இருந்தது. அந்த அரசின் வரலாற்றையொட்டி எழுந்த ஒற்றாடல் கதையே 'மார்த்தாண்ட வர்மா' என்னும் ஊமைப்படம்.

பின்னணி

துப்பறியும் கதைகள் தொடக்கத்திலேயே திரைக்கு வந்துவிட்டன. பிரான்சில் 'ஃபான்டோமா' (1913), அமெரிக்காவில் பேர்ல் ஒயிட் நடித்த 'எலெயினின் சாகசங்கள்' (1914) ஆகிய தொடர்படங்கள் புகழ்பெற்றன. பேச்சில்லாத படத்தில் மாறுவேடம், துரத்தல், ஒளிந்து கேட்டல் ஆகியவற்றைக் கண்ணால் பார்த்தே புரிந்துகொள்ளலாம். எழுதப் படிக்கத் தெரியாதவரும் இவற்றை ரசித்தனர்.

கதை

சி. வி. ராமன் பிள்ளை 1891இல் வெளியிட்ட மலையாள நாவலே படத்துக்கு மூலம். இளவரசர் மார்த்தாண்ட வர்மா அரியணை ஏறுவதைத் தம்பிமாரும் எட்டு வீட்டுப் பிள்ளைமாரும் தடுக்கச் சதி செய்கின்றனர். இறந்துவிட்டதாகக் கருதப்பட்ட அனந்தபத்மநாபன் பித்தன் வேடத்தில் திரிந்து, சதியை வேவு பார்த்து இளவரசரைக் காக்கிறான். வரலாற்றில் மார்த்தாண்ட வர்மா 1729 முதல் 1758 வரை ஆண்டார்.

தயாரிப்பும் வழக்கும்

நாகர்கோவிலைச் சேர்ந்த ஆர். சுந்தர் ராஜ் தயாரிக்க, பி. வி. ராவ் இயக்கினார். 1933இல் திருவனந்தபுரம் கேபிடல் திரையரங்கில் படம் திரையிடப்பட்டது. நாவலின் பதிப்புரிமை பெற்றிருந்த கமலாலயா புக் டிப்போ வழக்குத் தொடுத்ததால், சில நாட்களிலேயே படம் நிறுத்தப்பட்டது. மலையாளத் திரையுலகின் முதல் பதிப்புரிமை வழக்கு இதுவே. தயாரிப்பாளருக்கு இது பெரும் இழப்பு.

எஞ்சிய பிரதி

ஊமைப்படங்கள் எளிதில் தீப்பற்றும் நைட்ரேட் சுருளில் பதிவாயின. ஓடி முடிந்த சுருள்களைப் பேணுவார் இல்லை. தமிழகத்தில் தயாரான ஊமைப்படங்கள் பெரும்பாலும் அவ்வாறே அழிந்தன. மார்த்தாண்ட வர்மாவின் பிரதியோ வழக்கின் விளைவாகப் பதிப்பகத்தாரிடம் தங்கியது. 1974இல் அதைப் புணேயிலுள்ள தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் பெற்றுப் பாதுகாத்தது. ஊர் ஊராக ஓடித் தேய்ந்திருக்க வேண்டிய படம், தடைபட்டதாலேயே பிழைத்தது. தென்னிந்தியர் ஊமைப்படத்தில் ஒற்றர் கதையை எப்படிச் சொன்னார்கள் என்பதை இன்றைய மாணவர் நேரில் கண்டறிய உதவும் அரிய சான்று இது.