நல்ல மண்ணில் செத்த செடி

குன்னூரில் மகள் புது வீடு கட்டி, சுற்றுச்சுவர் ஓரமாக நான்கு அசேலியாச் செடி வைத்தாள். செம்மண், மக்கிய எரு, எலும்புத்தூள் எல்லாம் கலந்து குழி தயார் செய்தது நான்தான். சில மாதங்களில் இலை மஞ்சளாகி நரம்பு மட்டும் பச்சையாக நின்றது. இரண்டு செடி செத்தே போயிற்று. எதிர்ச் சோலையிலோ, யாரும் உரம் போடாத காட்டுப்பூவரசு சிவக்கச் சிவக்கப் பூத்திருந்தது. அதுவும் ரோடோடென்ட்ரான்தான், அசேலியாவுக்கு நெருங்கிய சொந்தம்.

காரணம் தேடினேன். ஒரு வரலாறே கிடைத்தது.

18ஆம் நூற்றாண்டில் இந்த வகைச் செடிகள் வட அமெரிக்காவிலிருந்து இங்கிலாந்துக்குப் போயின. சதுப்புநிலத்தில் தாவரங்கள் அரைகுறையாக மக்கிச் சேர்ந்த கறுப்பு மண்ணில், அதாவது பீட்டில், அவை தழைப்பதைத் தோட்டக்காரர்கள் அனுபவத்தில் கண்டார்கள். பாத்தி தோண்டி பீட் நிரப்பி நட்டார்கள். அதற்கு 'அமெரிக்கத் தோட்டம்' என்றே பெயர் வந்தது. 1848 முதல் ஜோசப் டால்டன் ஹூக்கர் சிக்கிம் மலைகளில் அலைந்து கியூ தோட்டத்துக்கு விதைகள் அனுப்பியபின் மோகம் இன்னும் கூடியது. ஆனால் பீட்டில் அப்படி என்னதான் இருக்கிறது?

விடை புளூபெர்ரி வழியாக வந்தது. அதுவும் இதே குடும்பம்தான். அமெரிக்க வேளாண் துறைத் தாவரவியலாளர் ஃபிரெடரிக் கோவில் (நம் ஊர்க் கோயில் அல்ல, அவர் பெயரே அதுதான்!) 1910இல் தன் சோதனைகளை வெளியிட்டார். எரு மிகுந்த மண், சுண்ணாம்பு சேர்த்த மண், நன்றாக மக்கிய இலைமண் எதிலும் செடி செழிக்கவில்லை. அதற்கு வேண்டியது புளித்த மண், அதாவது அமில மண். ரோடோடென்ட்ரானுக்கும் இதே கதைதான். மண்ணில் சுண்ணாம்பு ஏறினால், இரும்புச்சத்து இருந்தும் வேரால் எடுக்க முடியாது. அதனால்தான் இலை மஞ்சளாகிறது.

என் தவறு அப்போதுதான் புரிந்தது. சுவரோரம் கொத்தனார் விட்டுப்போன சிமெண்ட், சுண்ணாம்புக் கழிவு. போதாததற்கு நான் போட்ட எலும்புத்தூளிலும் சுண்ணாம்புச் சத்து!

மிஞ்சிய இரண்டையும் சுவரைவிட்டுத் தள்ளி நட்டோம். மண்ணின் பிஎச் 4.5 முதல் 6க்குள் இருக்க வேண்டும். பாதி மக்கிய இலையும் பைன் மரப்பட்டையும் கலந்தோம். வேர் மயிரிழைபோல மேலாகவே ஓடும். ஆகவே ஆழமாக நடக்கூடாது, அடியில் கொத்தக்கூடாது. தண்ணீர் தேங்கக்கூடாது. சாம்பல் வேண்டவே வேண்டாம். இப்போது புதுத்துளிர் பச்சையாக வருகிறது.

ஏழாம் வகுப்பில் வாய் திறக்காத ஒரு மாணவனுக்கு, கூடுதல் வகுப்பு, கூடுதல் வீட்டுப்பாடம் என்று அள்ளிக் கொட்டினேன். பள்ளியைவிட்டே நின்றுவிட்டான். அவனுக்கு என்ன மண் வேண்டும் என்று ஒருநாளும் நான் கேட்கவில்லை.