போதைப்பித்தரை நோயாளியாகக் கண்ட பேராசிரியர்

போதைப்பொருளுக்கு அடிமையான ஒருவரைத் தெருவில் காணும்போது நம் மனத்தில் முதலில் எழுவது வெறுப்பு. அடுத்து எழுவது அச்சம். ‘மனக்கட்டுப்பாடு இருந்தால் விட்டுவிட மாட்டானா?’ என்று கேட்டுவிட்டு நம் வழியே போய்விடுகிறோம். அதே கேள்வியை ஆய்வுக்கூடத்துக்கு எடுத்துச் சென்ற ஒரு பேராசிரியரைப் பற்றி இன்று பார்ப்போம். அவர் பெயர் வின்சென்ட் டோல்.

1913ஆம் ஆண்டு அமெரிக்காவின் சிகாகோ நகரில் பிறந்த டோல், முதலில் கற்றது கணிதம். பின்னரே மருத்துவத்துக்குத் திரும்பி, 1939இல் ஹார்வர்டில் பட்டம் பெற்றார். 1941இல் நியூயார்க்கில் உள்ள ராக்பெல்லர் ஆய்வுக் கழகத்தில் சேர்ந்தார். இதுவே பின்னாளில் ராக்பெல்லர் பல்கலைக்கழகம் ஆயிற்று. இரத்த அழுத்தம், இரத்தத்தில் உள்ள கொழுப்பு, உடற்பருமன் ஆகியவையே அவர் ஆராய்ந்த துறைகள். ஐம்பது வயதை நெருங்கும்வரை போதைப்பொருளுக்கும் அவருக்கும் தொடர்பே இல்லை. ஆனால், உடற்பருமன் ஆராய்ச்சி அவருக்கு ஒன்றைக் கற்றுக் கொடுத்திருந்தது. மனிதனின் ஆசை எனப்படுவதற்குப் பின்னால் உடலின் இரசாயனமும் உண்டு என்பதே அது.

1962இல் நியூயார்க் நகரச் சுகாதார ஆராய்ச்சி மன்றம், போதைப்பொருள் பற்றிய குழுவை அவர் பொறுப்பில் விட்டது. அப்போது ஹெராயின் அந்நகரின் ஏழைக் குடியிருப்புகளைச் சீரழித்துக்கொண்டிருந்தது. மருத்துவர்களோ ஒதுங்கியே இருந்தார்கள். அதற்குக் காரணம் இருந்தது. 1914இல் வந்த ஹாரிசன் சட்டத்தையும் 1919இல் உச்ச நீதிமன்றம் அளித்த தீர்ப்பையும் காட்டி, அடிமையானவருக்குத் தொடர்ந்து மருந்து கொடுப்பது வைத்தியமே ஆகாது என்று அதிகாரிகள் அவர்களை மிரட்டி வந்தார்கள்.

அந்த நிலையில் டோல் ஒரு நூலைப் படித்தார். மனநல மருத்துவரான மேரி நைஸ்வாண்டர் அம்மையார் 1956இல் எழுதிய நூல் அது. போதைப்பித்தரை நோயாளியாகவே கருத வேண்டும் என்பது அதன் வாதம். அம்மையார் கெண்டக்கி மாநிலத்து லெக்சிங்டனில் இருந்த அரசாங்க மருத்துவமனையில் பணியாற்றியவர். அங்கே நஞ்சு நீங்கி வெளியேறியவர்கள் மீண்டும் மீண்டும் திரும்பி வந்ததைக் கண்ணாரக் கண்டவர். டோல் அவரைத் தம்முடன் பணியாற்ற அழைத்தார். மேரி ஜீன் கிரீக் என்ற இளம் மருத்துவரும் உடன் சேர, 1964இல் ஆராய்ச்சி தொடங்கிற்று.

முதலில் இரண்டு நோயாளிகளுக்கு மார்பின் கொடுத்துப் பார்த்தார்கள். ஊசி போட்டதும் அவர்கள் மயங்கிக் கிடப்பார்கள். சில மணி நேரத்தில் வேர்வையும் வலியும் நடுக்கமும் வந்துவிடும். உடனே அடுத்த ஊசியை எதிர்பார்ப்பார்கள். மருந்தின் அளவு ஏறிக்கொண்டே போயிற்று. நாள் முழுதும் ஊசியைப் பற்றிய நினைவைத் தவிர வேறு நினைவே இல்லை. சோதனையை முடித்துக்கொள்ளும் எண்ணத்துடன் அவர்களை மெதடோனுக்கு மாற்றினார்கள். இது ஜெர்மனியில் 1930களின் பிற்பகுதியில் செயற்கையாகத் தயாரிக்கப்பட்ட மருந்து. வாய்வழியே கொடுத்தால் ஒரு நாளுக்கு மேல் தாங்கும்.

அப்போதுதான் எதிர்பாராதது நடந்தது. ஒருவர் ஓவியம் தீட்டத் தொடங்கினார். இளையவரோ விட்ட படிப்பைத் தொடர வேண்டும் என்று நச்சரித்தார்! மயக்கமும் இல்லை, நடுக்கமும் இல்லை. போதுமான அளவு மெதடோன் உடலில் இருக்கும்போது, மேலே ஹெராயின் ஏற்றிக்கொண்டாலும் அதன் கிறக்கம் தெரியவில்லை என்பதையும் பின்னர்ச் சோதித்து அறிந்தார்கள்.

22 நோயாளிகளின் விவரம் 1965 ஆகஸ்டில் அமெரிக்க மருத்துவச் சங்கத்தின் இதழில் வெளிவந்தது. அதே ஆண்டில் டோலும் நைஸ்வாண்டரும் மணம் செய்துகொண்டார்கள்.

மருந்தைக் கண்டதோடு இவர்கள் நின்றிருந்தால், நாம் இவ்வளவு பேசவேண்டியதில்லை. அதைக் கொடுக்கும் முறையையும் வகுத்தார்கள். ஏறத்தாழ ஆறு வாரம் மருத்துவமனையில் தங்கல். பின்பு நாள்தோறும் வந்து பழச்சாற்றில் கலந்த மருந்தை அருந்திச் செல்லுதல். வேலையும் வீடும் நிலைத்தபின் வருகையைக் குறைத்தல். இதே சிகிச்சையில் தேறியவர்களையே ஊழியர்களாக வைத்துப் புதியவர்களுக்குத் துணையாக்கினார்கள். நகர மருத்துவமனைகளின் ஆணையர் ரே டிரஸ்ஸல் இடவசதி செய்து கொடுக்க, ராக்பெல்லரின் சிறிய வார்டில் பிறந்த திட்டம் பெத் இஸ்ரேல் மருத்துவமனைக்குப் பரவியது.

எதிர்ப்பு இல்லாமலில்லை. சட்டத்தை மீறுகிறீர்கள் என்று போதைப்பொருள் துறை அதிகாரி ஒருவர் டோலை எச்சரித்தார். அப்படியானால் என்மேல் வழக்குத் தொடருங்கள், நீதிமன்றமே தீர்ப்புச் சொல்லட்டும் என்றார் இவர். வழக்கு வரவில்லை. ‘ஒரு போதைக்குப் பதில் இன்னொரு போதையா?’ என்ற கண்டனம் மட்டும் ஓயவில்லை. சர்க்கரை நோயாளி இன்சுலினை நம்பி வாழ்வதை எவரும் பழிப்பதில்லையே என்பது டோலின் தரப்பு. இந்த ஒப்புமை முற்றும் பொருந்தும் என்று நாம் சொல்ல மாட்டோம்; மெதடோனை அளவுமீறி உட்கொண்டால் உயிர் போகும். ஆனால், கண்டித்தவர்கள் ஹெராயின் ஊசியால் போன உயிர்களைக் கணக்கில் எடுத்துக்கொண்டதாகத் தெரியவில்லை.

டோலை உண்மையில் வருத்தியது வேறொன்று. 1972இல் மத்திய அரசு விதித்த கட்டுப்பாடுகளுக்குப்பின், மெதடோன் நிலையங்கள் பெருகின. ஆனால், அவற்றின் தன்மை மாறிற்று. பல இடங்களில் மருந்தின் அளவைக் குறைத்தார்கள். விரைவில் நிறுத்தவும் முயன்றார்கள். மருத்துவர் தம் நோயாளியைப் பார்த்து முடிவு செய்யவேண்டியதைப் படிவங்கள் முடிவு செய்தன. பத்தாண்டு அனுபவத்தை ஆராய்ந்து 1976இல் எழுதிய கட்டுரையில் தம்பதியர் இருவரும் இதை வெளிப்படையாகவே சாடினார்கள். மருந்து அதே மருந்துதான். நிர்வாகம் மாறியதும் பலன் குன்றிற்று.

நைஸ்வாண்டர் அம்மையார் 1986இல் காலமானார். டோலுக்கு 1988இல் லாஸ்கர் விருது கிடைத்தது. அதற்குள் எய்ட்ஸ் நோய் பரவத் தொடங்கியிருந்தது. ஒரே ஊசியைப் பலர் பகிர்ந்துகொள்வதால் வரும் ஆபத்தைக் கண்ட நாடுகள் பல மெதடோன் பக்கம் திரும்பின. ஹாங்காங் அதற்கு முன்பே, 1970களிலேயே, இதை மேற்கொண்டிருந்தது. 2005இல் உலகச் சுகாதார நிறுவனம் மெதடோனை அத்தியாவசிய மருந்துகளின் பட்டியலில் சேர்த்தது. அதே ஆண்டு அக்டோபரில் மலேசியாவும் தன் முன்னோடித் திட்டத்தைத் தொடங்கிற்று. பேராசிரியர் டோல் மறைந்தது 2006 ஆகஸ்டில். அப்போது அவருக்கு வயது 93.